மலையில் கள ஆய்வு: வாசகர் கேள்விகளும் பதில்களும்

நீலகிரிப் பழங்குடியான தோடர்களைப் பற்றி முதுகலை ஆய்வேடு எழுதப் போகிறேன். ரிவர்ஸ் புத்தகத்திலிருந்து தொடங்கச் சொல்கிறார்கள். நூறு வருஷத்துக்கு முந்தைய நூல் இன்றைக்கு உதவுமா? (மாணவி, கோத்தகிரி)

கட்டாயம் உதவும். பிரிட்டிஷ் மானுடவியலாளரான ரிவர்ஸ் 1901-02இல் நீலகிரியில் சில மாதங்கள் தங்கினார். அவருடைய 'தி தோடாஸ்' 1906இல் வந்தது. அவருக்குத் தோட மொழி தெரியாது, மொழிபெயர்ப்பாளர்களை வைத்துத்தான் கேட்டார். அந்தக் குறை அவருக்கே தெரிந்திருந்ததால், ஒரே சடங்கைப் பலரிடம் தனித்தனியாக விசாரித்து ஒப்பிட்டார். குடும்பம் குடும்பமாக வம்சாவளி எழுதி, யார் யாருக்கு என்ன உறவு என்பதை அதை வைத்துச் சரிபார்த்தார்.

தொடக்க இயலை மட்டும் தாண்டிப் போய்விடாதீர்கள். புனித இடங்களைக் காட்டிய ஒருவர் நோயில் விழுந்தார். சடங்கைச் செய்துகாட்டிய ஒருவருடைய மனைவி இறந்துபோனார். இன்னொருவரின் ஊர்ப் பால்மனை, அதாவது தோடர்கள் புனிதமாகக் கருதும் பால் பதப்படுத்தும் குடில், எரிந்தது. வெளியாளிடம் ரகசியம் சொன்னதன் விளைவு என்று ஊரார் நினைத்தார்கள், பேசுவதை நிறுத்திக்கொண்டார்கள். இதையெல்லாம் ரிவர்ஸே எழுதியிருக்கிறார். ஆனாலும் அந்த ரகசியங்கள் அச்சில் ஏறின. எத்தனை முறை படித்தாலும் என்னால் அந்தப் பக்கத்தைச் சுலபமாகக் கடக்க முடிவதில்லை. மந்துக்கு, அதாவது தோடர் குடியிருப்புக்கு, போகும் முன் நீங்களும் ஒருமுறை படியுங்கள்.

அப்புறம் மொழியியலாளர் எமனோவுக்கு வாருங்கள். 1935 முதல் 1938 வரை இந்தியாவில் இருந்து, மொழியைக் கற்று, பேச்சை அப்படியே எழுதி எடுத்தவர். தோடர்களின் அண்டைப் பழங்குடியான கோத்தர்களின் கதைகளைத் தொகுத்த அவருடைய 'கோத்தா டெக்ஸ்ட்ஸ்' 1944-46இல் வந்தது. அதிலுள்ள கதைகளைப் பெரும்பாலும் சொன்னவர் சுள்ளி என்ற ஒரே மனிதர். அதனால் "கோத்தர்கள் சொல்கிறார்கள்" என்று மேற்கோள் காட்டாதீர்கள், "சுள்ளி சொல்கிறார்" என்று எழுதுங்கள்.

ஐப்பசி மழையில் குறிப்பேடு நனைந்து பாதி எழுத்து அழிந்துவிட்டது. என்ன செய்வது? (குன்னூர்)

இன்று ராத்திரியே உட்கார்ந்து, நினைவில் இருப்பதை எழுதுங்கள். நினைவிலிருந்து எழுதியது என்று தலைப்பில் தேதியோடு குறித்துவிடுங்கள். சமூகவியலாளர் எம். என். ஸ்ரீநிவாஸ் 1948இல் கர்நாடகக் கிராமம் ஒன்றில் சேகரித்ததைப் பல வருஷம் ஒழுங்குபடுத்தி வைத்திருந்தார். 1970இல் ஸ்டான்ஃபோர்டில் யாரோ வைத்த தீயில் அதன் மூன்று பிரதிகளும் ஒரே நாளில் போயின. பெரும்பாலும் நினைவை நம்பித்தான் 'தி ரிமெம்பர்ட் வில்லேஜ்' நூலை எழுதினார், 1976இல் வெளிவந்தது. மூன்று பிரதியும் ஒரே அறையில் இருந்தால் அது ஒரு பிரதிதான். இனிமேல் பென்சிலில் எழுதுங்கள், அன்றன்றைக்கே பக்கத்தைப் போட்டோ எடுத்து வேறு இடத்துக்கு அனுப்பிவிடுங்கள்.

என் வகுப்பில் பணியர், காட்டுநாயக்கர் பழங்குடிப் பிள்ளைகள் அதிகம். பாடப்புத்தகம் அவர்களுக்கு ஒட்டவே இல்லை. ஆசிரியர்கள் படிக்க ஏதாவது நூல் உண்டா? (ஆசிரியை, கூடலூர்)

சில்வியா ஆஷ்டன்-வார்னரின் 'டீச்சர்', 1963. நியூசிலாந்தில் அந்நாட்டுப் பழங்குடியான மவோரி பிள்ளைகளுக்குப் பாடம் சொன்னவர். காலையில் ஒவ்வொரு பிள்ளையிடமும் "உனக்கு என்ன வார்த்தை வேண்டும்?" என்று கேட்டு அட்டையில் எழுதிக் கொடுப்பார். மறுநாள் பிள்ளைக்கு நினைவில்லாத அட்டை போய்விடும், நினைவில் நிற்பது பாடமாகும். பயம் போன்ற ஆழ்ந்த உணர்ச்சி கலந்த சொற்கள்தான் நின்றன என்கிறார். உங்கள் வகுப்பில் தேனீ வரலாம், யானை வரலாம். பிள்ளை வீட்டில் பேசும் மொழியிலேயே, தமிழ் எழுத்தில் எழுதிக் கொடுங்கள். திருத்த வேண்டாம்.

பணம் கட்டினால் பத்து நாளில் கட்டுரை போடுகிறோம் என்று ஓர் ஆய்விதழ் அழைக்கிறது. ஐஎஸ்எஸ்என் எண் இருக்கிறதே? (ஊட்டி)

வேண்டாம். அது இதழை அடையாளம் காட்டும் எண் மட்டுமே, தரத்துக்குச் சான்று ஆகாது. பல்கலைக்கழக மானியக் குழு ஏற்ற இதழ்களைக் காட்டிவந்த யுஜிசி-கேர் பட்டியலும் 2025இல் நிறுத்தப்பட்டுவிட்டது. அந்த இதழின் பழைய கட்டுரைகள் நாலைந்தை நீங்களே படித்துப் பாருங்கள். ஆசிரியர் குழுவில் இருப்பதாகப் போட்டிருக்கும் ஒருவருக்குக் கடிதம் எழுதிக் கேளுங்கள்.

'குறிஞ்சித்தேன்' நாவலைப் படகர் வாழ்க்கைக்குச் சான்றாகக் காட்டலாமா?

ராஜம் கிருஷ்ணன் நீலகிரியில் வாழ்ந்து, மக்களோடு பழகி எழுதிய நாவல். என்ன கேட்க வேண்டும் என்பதை அது சொல்லித்தரும். சான்றை ஹட்டியில், அதாவது படகர் ஊரில், போய்த்தான் தேட வேண்டும்.

பழனி மலையில் பளியர் பழங்குடிப் பெரியவர் ஒருவர் நிறைய மூலிகை காட்டினார். எல்லாவற்றையும் ஆய்வேட்டில் போடலாமா? (கொடைக்கானல்)

தாவரப் பெயர்களைச் சரிபார்க்க, திருச்சி ராபினாட் ஹெர்பேரியத்தின் (உலர்த்திய தாவர மாதிரிகளின் காப்பகம்) பாதிரியார் கே. எம். மேத்யூ பழனி மலைத் தாவரங்களைப் பற்றி எழுதிய நூல் இருக்கிறது. அதைப் பார்க்காமல் ஒரு பெயரும் எழுதாதீர்கள்.

ஆனால் பெரியவரின் சம்மதம் நூலில் கிடைக்காது. அன்றைக்கு அவர் காட்டியது உங்களுக்காக, அச்சுக்காக அல்ல. எழுதி முடித்ததும் திரும்பப் போய், அவருக்குப் புரியும் தமிழில் வாசித்துக் காட்டுங்கள். அவர் பெயர் வர வேண்டுமா, செடி இருக்கும் இடம் வரலாமா என்று ஒவ்வொன்றாகக் கேளுங்கள். வேண்டாம் என்று அவர் சொல்லும் செடியின் பெயரை அவர் கண்முன்னே கோடு போட்டு அடித்துவிட்டு, மீதியைக் கொண்டு வாருங்கள்.