திண்ணைக் கேள்விகள்: கோதுமைக் காட்டில் ஒற்றைத் தெரு ஊர்

கேள்வி: என் மகள் கனடாவில் சஸ்காட்செவன் மாகாணத்தில் நர்ஸாக இருக்கிறாள். லீவு நாளில் காரில் போகும்போது எடுத்த ஒரு ஊரின் படத்தை அனுப்பினாள், இத்துடன் வைத்திருக்கிறேன். ஒரே தெரு, பூட்டிக் கிடக்கும் கடைகள், தண்டவாளத்தை ஒட்டி கோபுரம் மாதிரி ஒரு மரக் கட்டடம். ஆள் நடமாட்டமே இல்லை. இதெல்லாம் ஒரு ஊரா? யார் கட்டியது, ஏன் இப்படிக் கிடக்கிறது?
– ஒரு தாய், வேலந்தாவளம்

பதில்: ஊர்தான் அம்மா, சட்டப்படியே ஊர். ஐம்பது பேர்கூட இல்லாத இடத்துக்கும் அங்கே தனி கவுன்சில், தனி மேயர் உண்டு. பாலக்காடு ஜில்லாவில் நம் கொழிஞ்சாம்பாறைப் பஞ்சாயத்தில் ஒரு வார்டிலேயே அதைவிடப் பல மடங்கு பேர் இருப்பார்கள். சமாளிக்க முடியாமல் போனால் ஊர் தன்னையே கலைத்துக்கொண்டு, சுற்றியிருக்கும் கிராமப்புற முனிசிபாலிட்டியோடு சேர்ந்துவிடும்.

ரயில்வே சரக்கு ஆபீசில் காலம் தள்ளியவன் நான். அதனால் படத்தில் முதலில் என் கண்ணுக்குப் பட்டது அந்த மரக் கட்டடம். அதன் பெயர் எலிவேட்டர். எழுபது, எண்பது அடி உயரம் இருக்கும். கோதுமை வண்டி அப்படியே உள்ளே போகும், எடை மேடையில் நிற்கும், தானியத்தைக் கீழே குழியில் கொட்டும். குழியிலிருந்து வாளி கோத்த பெல்ட் ஒன்று அதை உச்சிக்கு ஏற்றிவிடும். அங்கிருந்து குழாய் வழியாக அறை அறையாகப் பிரித்து இறக்குவார்கள். ரயில் வந்தால் திறந்துவிட வேண்டியதுதான், வேகன் தானாக நிரம்பும். மூட்டை கிடையாது, சுமட்டுக் கூலி கிடையாது. ஆரம்ப காலத்து எலிவேட்டர் ஒன்றில் 25,000 புஷல், அதாவது சுமார் 680 டன் கோதுமை பிடிக்கும்.

நம் பக்கம் கிணறோ குளமோ இருந்த இடத்தில் ஊர் உட்கார்ந்தது, மாரியம்மன் வந்தாள், அப்புறம்தான் ரோடும் பஸ்ஸும். அங்கே ரயில் கம்பெனி கணக்குப் போட்டு ஊர் வைத்தது. குதிரை வண்டியில் கோதுமை கொண்டுவந்து இறக்கிவிட்டு விவசாயி அன்றைக்கே வீடு திரும்ப வேண்டும். அந்தக் கணக்கில் சுமார் 10 முதல் 15 கிலோமீட்டருக்கு ஒரு ஸ்டேஷன், ஒரு எலிவேட்டர், ஒரு தெரு. கிராண்ட் டிரங்க் பசிபிக் என்ற கம்பெனி ஆங்கில எழுத்து வரிசையிலேயே பெயர் வைத்துக்கொண்டு போனது. ஃபென்வுட், குட்ஈவ், ஹப்பர்ட், இட்யூனா, ஜாஸ்மின், கெல்லிஹர் என்று ஓடி, யங், ஸெல்மா என்று முடியும். குழந்தைக்குக்கூட நாம் இவ்வளவு அவசரமாகப் பெயர் வைப்பதில்லை!

ஆள் எப்படி வந்தார்கள்? 1872ல் ஒரு நிலச் சட்டம் போட்டார்கள். பத்து டாலர் கட்டினால் 160 ஏக்கர். மூன்று வருஷம் அங்கே குடியிருந்து, வீடு கட்டி, நிலத்தை உழுதால் சொந்தம். பெண்ணுக்கு, விதவையாகவோ குடும்பத்துக்குத் தலைவியாகவோ இருந்தால் தவிர, கிடையாது. உக்ரைன், ஜெர்மனி, இங்கிலாந்து என்று எங்கிருந்தெல்லாமோ வந்து இறங்கினார்கள். மரமே இல்லாத புல்வெளி, அதனால் புல்லை வேரோடு பெயர்த்து, அந்த மண்கட்டிகளை அடுக்கி வீடு கட்டினவர்களும் உண்டு. சஸ்காட்செவனில் 1901ல் சுமார் 91,000 பேர் இருந்த இடத்தில் 1911ல் 4,92,000 பேர்.

காலியானது ஒரே நாளில் இல்லை. 1930களில் மழை பொய்த்தது, மேல்மண் புழுதியாகப் பறந்தது, கோதுமை விலையும் விழுந்தது. அப்புறம் டிராக்டர் வந்ததும் ஒருவரே பல பேர் நிலத்தை உழ முடிந்தது. 1936ல் 1,42,000 பண்ணைகள், 2021ல் சுமார் 34,000. பண்ணை குறைந்தால் பிள்ளைகள் குறைவார்கள், பள்ளி மூடும், கடை மூடும்.

கடைசி அடி சரக்குக் கட்டணம். இது என் பேட்டை, அதனால் விடமாட்டேன். 1897ல் போட்ட ஒப்பந்தப்படி கோதுமைக்கு மிகக் குறைந்த ரயில் வாடகை, குரோ ரேட் என்பார்கள். பல தலைமுறை அதை நம்பியே விவசாயம் நடந்தது. அந்தச் சலுகையின் மிச்சமும் 1995ல் போய்விட்டது. கம்பெனிகள் கிளைப் பாதைகளைக் கைவிட்டன, கான்கிரீட்டில் பெரிய கிடங்குகள் வந்தன, லாரி நேராக அங்கே போனது. மர எலிவேட்டர்களை ஒவ்வொன்றாக இடித்தார்கள். உங்கள் மகள் படம் எடுத்தது தப்பித்த ஒன்று. அடுத்த லீவில் உள்ளே எட்டிப் பார்க்க அனுமதி கேட்கச் சொல்லுங்கள்.

கேள்வி: ரயில் வருவதற்கு முன்னால் அது யாருமில்லாத நிலமா?
– கல்லூரி மாணவர், சித்தூர்

பதில்: இல்லை தம்பி. க்ரீ, சோல்டோ, நகோடா என்ற பழங்குடி மக்களும், பழங்குடியினரும் ஐரோப்பியரும் கலந்த வழியில் வந்த மெட்டி மக்களும் வாழ்ந்த நிலம். காட்டெருமைக் கூட்டம்தான் அவர்களுக்குச் சோறும் துணியும் கூடாரமும். 1880 வாக்கில் அது கிட்டத்தட்ட அழிந்துவிட்டது. 1874லும் 1876லும் ஒப்பந்தங்கள் போட்டு அவர்களைச் சின்னச் சின்ன ஒதுக்கிடங்களுக்கு அனுப்பினார்கள். 1885ல் மெட்டிகள் பட்டோஷ் என்ற ஊரில் எதிர்த்து நின்று தோற்றார்கள். பசியில் இருப்பவரிடம் கையெழுத்து வாங்குவதை ஒப்பந்தம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

கேள்வி: பாலக்காடு–பொள்ளாச்சி லைனில் அகலப் பாதையாக மாற்றும் வேலைக்காக 2008லிருந்து 2015 வரை ரயிலே ஓடவில்லை. எங்கள் ஊர் காலியாகவில்லையே, அது ஏன்?
– வாசகர், மீனாட்சிபுரம்

பதில்: நம் ஊர் ரயிலை நம்பிப் பிறக்கவில்லை. 1932ல் லைன் வருவதற்கு முன்பே பொள்ளாச்சிச் சந்தைக்கு வண்டி போய்க்கொண்டுதான் இருந்தது. இன்றைக்கும் தேங்காய் லாரியில் போகிறது, சித்தூர்க் கள் விடியற்காலையில் வேனில் ஏறிக் கேரளம் முழுக்கப் போகிறது. நமக்கு ஆபத்து தண்ணீரில்தான். பரம்பிக்குளம்–ஆளியாறு ஒப்பந்தப்படி மணக்கடவில் தமிழ்நாட்டிலிருந்து நமக்கு வருஷத்துக்கு 7.25 டிஎம்சி வர வேண்டும். அது குறைந்த வருஷம் ஊரில் என்ன பேச்சு நடக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

கேள்வி: எங்கள் ஊர் வரலாற்றை எழுத ஆசை. ஆனால் கல்வெட்டும் இல்லை, ராஜா வந்த கதையும் இல்லை.
– எருத்தேம்பதியிலிருந்து ஒருவர்

பதில்: ராஜா இல்லாதது நல்லதாய்ப் போயிற்று. மேலே சொன்ன சஸ்காட்செவனில் 1980ல் மாகாணத்துக்கு 75 வயது ஆனதை ஒட்டி, ஊர் ஊராக வரலாற்றுப் புத்தகம் போட்டார்கள். தடித்தடியான புத்தகங்கள். குடும்பத்துக்கு ஒரு பகுதி, அவர்களே எழுதியது. எங்கிருந்து வந்தோம், எந்தத் துண்டு நிலம், எந்த வருஷம் ஆலங்கட்டி மழை என்று இருக்கும். அடுத்த ஊர்க்காரனுக்குச் சுவாரசியம் இருக்காது, பரவாயில்லை.

நீங்களும் அப்படியே வீடு வீடாகப் போங்கள். சித்தூர் அந்தக் காலத்தில் கொச்சி ராஜ்ஜியத்தின் தாலுகா, சுற்றிலும் மதராஸ் மாகாணத்தின் மலபார், கோயம்புத்தூர் ஜில்லாக்கள். ஆகவே பெட்டியடியில் இருக்கும் பழைய பத்திரங்களில் கொச்சிக் காலத்தவையும் கிடைக்கும். கொச்சி அரசின் ஆவணங்கள் எறணாகுளம் ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன, போய்க் கேளுங்கள். வயதான பெண்களிடம் எந்த ஊரிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்தார்கள், எந்தக் கிணறு எப்போது வற்றியது என்று விசாரியுங்கள். ஆண்களிடம் கேட்டால் தேர்தல் கதைதான் வரும். சர்வே நம்பரைக் குறிக்க மறக்க வேண்டாம். அச்சுக்குப் போகும் முன் நான் பிழை பார்த்துத் தருகிறேன், ஆனால் டைப் செய்து அனுப்புங்கள். உங்கள் கடிதத்தின் கையெழுத்தைப் படிக்கவே எனக்கு ஒரு பொழுது போயிற்று.