நாடகத்தைப் படத்துக்குக் கொடுக்கும்போது எதைக் கொடுக்கலாம், எதைக் கொடுக்கக் கூடாது?

கேள்வி: நான் எழுதிய நாடகத்தை எங்கள் குழு சபாக்களில் நடத்தி வருகிறது. ஒரு தயாரிப்பாளர் அதைப் படமாக்கக் கேட்கிறார். ஒப்பந்தத்தில் ‘அனைத்து உரிமைகளையும் நிரந்தரமாக அளிக்கிறேன்’ என்று இருக்கிறது. கையெழுத்திட்ட பிறகும் நாடகத்தைத் தொடர்ந்து போட முடியுமா? பின்னால் தொலைக்காட்சித் தொடராக எழுதலாமா?

பதில்: அந்த வரி அப்படியே இருந்தால் இரண்டும் முடியாது. படத்தை மறுக்க வேண்டாம், வரியை மாற்றச் சொல்லுங்கள்.

மேடை, சினிமா, தொலைக்காட்சி ஒவ்வொன்றுக்கும் உரிமையைத் தனித்தனியே எழுதிக் கொடுக்கச் சட்டம் இடம் தருகிறது. ஒரு மொழியில், ஒரு படத்துக்கான உரிமையை மட்டும் கொடுங்கள். மேடை உரிமை, தொடர் உரிமை, மறு ஆக்க உரிமை ஆகியவை ஆசிரியரிடமே இருக்கும் என்று வெளிப்படையாக எழுதச் சொல்லுங்கள். மேடை உரிமையை எந்தத் தொகைக்கும் விடாதீர்கள் என்பது என் உறுதியான கருத்து. கே. பாலசந்தரின் ‘மேஜர் சந்திரகாந்த்’, ‘எதிர்நீச்சல்’ இரண்டும் மேடையில் நின்று, பிறகு படமானவை. கிரேஸி மோகன் படங்களுக்கு வசனம் எழுதிக் குவித்த காலத்திலும் தன் நாடகக் குழுவை விடவில்லை. மூன்று துறையிலும் எழுதிப் பிழைக்க நினைப்பவருக்கு, அடுத்தவர் அனுமதியில்லாமல் இயங்கக்கூடிய இடம் மேடை ஒன்றுதான்.

1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தில் 19ஆம் பிரிவை ஒருமுறை நிதானமாகப் படியுங்கள். உரிமை மாற்றம் எழுத்தில் இருக்க வேண்டும். காலம் குறிப்பிடாவிட்டால் 5 ஆண்டுகள், எல்லை குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும். இவற்றைவிட முக்கியம், வாங்கியவர் ஓராண்டுக்குள் உரிமையைப் பயன்படுத்தாவிட்டால் அது காலாவதியாகிவிடும் என்பது. ஆனால் ஒப்பந்தம் வேறு விதமாகச் சொன்னால் இந்தப் பாதுகாப்பு போய்விடும். இந்த ஓராண்டு விதி இருப்பது 19(4) உட்பிரிவில். அதனால்தான் ‘19(4) பொருந்தாது’ என்ற ஒரு வரியைக் கடைசிப் பக்கங்களில் நுழைத்துவிடுகிறார்கள். படம் தொடங்காமலே கதை வருடக்கணக்கில் பூட்டிக் கிடப்பது இப்படித்தான். ஓராண்டு போதாது என்று தயாரிப்பாளர் சொன்னால் அதில் நியாயம் உண்டு; மூன்று ஆண்டு கொடுங்கள், அதற்குள் படப்பிடிப்பு தொடங்காவிட்டால் உரிமை உங்களுக்குத் திரும்ப வேண்டும் என்று எழுதிக்கொள்ளுங்கள்.

2012இல் வந்த திருத்தத்தின்படி, திரையரங்கில் படத்தோடு காட்டப்படுவது தவிர்த்த மற்ற பயன்பாடுகளில் ராயல்டியில் சமபங்கு பெறும் உரிமையை எழுத்தாளர் விட்டுக்கொடுக்கவே முடியாது. அந்தப் பணம் கைக்கு வருவது வேறு விஷயம். அதை நம்பி முன்தொகையைக் குறைத்துக்கொள்ளாதீர்கள். திரைக்கதையும் வசனமும் நீங்களே எழுதுவதாக இருந்தால், கதைக்கான தொகையோடு அவற்றைக் கலக்காமல் தனி ஊதியம் பேசுங்கள். டைட்டிலில் உங்கள் பெயர் எப்படி வரும் என்பதும் ஒப்பந்தத்தில் இருக்கட்டும்.

இன்னொரு எச்சரிக்கை. வாய்மொழியாகக் கதை சொல்லி நிறுத்தாதீர்கள். ஆர். ஜி. ஆனந்த் என்ற நாடக ஆசிரியர் தன் ‘ஹம் ஹிந்துஸ்தானி’ நாடகத்தைப் படக்குழுவுக்குப் படித்துக் காட்டினார். பிறகு ‘நியூ டெல்லி’ படம் வந்தது. அது தன் நாடகத்தின் நகல் என்று அவர் தொடுத்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 1978இல் அவருக்கு எதிராகவே முடிந்தது. கருவுக்குப் பதிப்புரிமை கிடையாது, அது எழுதப்பட்ட விதத்துக்கே உண்டு என்றது நீதிமன்றம். ஆகவே காட்சி, வசனம் உட்பட முழுப் பிரதியையும் தேதியிட்டு, எழுத்தாளர் சங்கத்திலோ பதிப்புரிமை அலுவலகத்திலோ பதிவு செய்யுங்கள். பதிவு இல்லாமலும் உரிமை உண்டு, ஆனால் தகராறு வந்தால் அதுவே சான்று.

ஒத்திகையில் உங்கள் நடிகர்கள் யாராவது காட்சிகளை எழுதிச் சேர்த்திருந்தால், படத்துக்குக் கையெழுத்திடும் முன் அவர்களிடம் எழுத்தில் ஒப்புதல் வாங்குங்கள். வெற்றிபெற்ற பிறகு கேட்டால் அவர்களுக்கும் வருத்தம், உங்களுக்கும் வருத்தம்.