நுங்கம்பாக்கத்தில் சிக்கிய சிறுகோள்கள்: போக்சன் பற்றிச் சில கேள்விகள்

கேள்வி: சென்னையிலிருந்துகூட சிறுகோள் கண்டுபிடித்திருக்கிறார்களாமே, நிஜமா சார்?

பதில்: நிஜம்தான். சூரியனைச் சுற்றும் அந்தச் சின்னப் பாறைக்கோள்களில் ஒன்றல்ல, ஐந்து. பிடித்தவர் நார்மன் போக்சன். 1829-இல் இங்கிலாந்தின் நாட்டிங்ஹாமில் பிறந்தவர். மதராஸ் வானாய்வகத்துக்குத் தலைவராக வந்த 1861-லேயே, ஏப்ரல் 17 அன்று முதலாவதைக் கண்டார். ஆசியக் கண்டத்திலிருந்து யாரும் அதுவரை சிறுகோள் கண்டதில்லை; அதனால் அதற்கு 'ஆசியா' என்றே பெயர். பிறகு சாஃபோ, சில்வியா, கமில்லா, கடைசியாக 1885-இல் வேரா.

கேள்வி: கேமரா இல்லாத காலத்தில் எப்படிக் கண்டுபிடித்தார்?

பதில்: கண்ணும் வரைபடமும்தான். வானத்தில் ஒரு துண்டை எடுத்துக்கொண்டு, தொலைநோக்கியில் தெரியும் ஒவ்வொரு புள்ளியும் நட்சத்திர வரைபடத்தில் இருக்கிறதா என்று சரிபார்க்க வேண்டும். படத்தில் இல்லாத புள்ளி ஒன்று தட்டுப்பட்டால் உடனே துள்ளிவிட முடியாது. வரைந்தவர் விட்டுப்போன நட்சத்திரமாக இருக்கலாம். அப்புறம், அது நகர்கிறதா என்று சில மணி நேரமோ மறுநாள் இரவோ பார்க்க வேண்டும். நகர்ந்தால் சிறுகோள். பெரும்பாலான இரவுகளில் ஒன்றும் நகராது! புகைப்படத் தகட்டில் முதல் சிறுகோள் சிக்கியது 1891 டிசம்பரில். அதே வருஷம்தான் போக்சன் சென்னையில் இறந்தார்.

கேள்வி: நட்சத்திரப் பிரகாசம் பற்றிய பாடத்தில் வரும் 2.512 என்ற எண், இவருடையதுதானா?

பதில்: ஆமாம் தம்பி. நட்சத்திரத்தின் பிரகாசத்தைக் குறிக்கும் எண்தான் பொலிவெண். ஐந்து பொலிவெண் வித்தியாசம் என்றால் ஒளி நூறு மடங்கு. ஒரு பொலிவெண்ணுக்கு நூறின் ஐந்தாம் மூலம், அதாவது 2.512 மடங்கு. 1856-இல் அவர் முன்வைத்தது.

கேள்வி: வால்நட்சத்திரம் எதையும் பார்க்கவில்லையா?

பதில்: அது தனிக்கதை. 1872 நவம்பர் 27 அன்று ஐரோப்பாவில் எரிகற்கள் மழையாகக் கொட்டின. உடைந்து காணாமல்போன பீலா வால்நட்சத்திரத்தின் துகள்கள் அவை. ஜெர்மனியிலிருந்து கிளிங்கர்ஃபியூஸ் என்ற வானியலாளர் போக்சனுக்குத் தந்தி அடித்தார்: பீலா பூமியைத் தொட்டுவிட்டது, தீட்டா சென்டாரி நட்சத்திரத்துக்கு அருகே தேடு. சென்னையில் வடகிழக்குப் பருவமழைக் காலம், மேகமூட்டம். டிசம்பர் தொடக்கத்தில் மேகம் விலகிய இரண்டு விடியற்காலைகளில் சொன்ன இடத்தருகே ஒரு வால்நட்சத்திரம் தெரிந்தது. பிறகு மறுபடி மேகம். இரண்டே நாள் பதிவை வைத்துப் பாதையைக் கணிக்க முடியாது. அது பீலா இல்லை என்றே பின்னால் வந்தவர்கள் முடிவுகட்டினார்கள். அப்படியென்றால் அது எது? தற்செயலாக அங்கே நின்ற வேறொன்றாம். எனக்கு இன்றும் நம்பச் சிரமமாக இருக்கிறது.

கேள்வி: அவர் மகளும் வானியலில் இருந்தாரா ஐயா?

பதில்: ஐசிஸ் போக்சன். 1873 முதல் அதே வானாய்வகத்தில் கணக்கீட்டாளர், 25 ஆண்டு உழைத்தார். 1886-இல் ராயல் வானியல் கழக உறுப்பினராக அவரை முன்மொழிந்தார்கள். கழகத்தின் சாசனம் உறுப்பினர்களை ஆண்பாலில்தான் குறிக்கிறது என்று வக்கீல்கள் சொல்ல, கைவிடப்பட்டது. 1920-இல்தான் சேர்த்துக்கொண்டார்கள்.

கேள்வி: அந்த இடம் இப்போது இருக்கிறதா?

பதில்: நுங்கம்பாக்கம் வானிலை ஆய்வு மையம் தெரியுமல்லவா, புயல் என்றால் டிவியில் வருமே, அதே வளாகம்தான். பழைய கருவியைத் தாங்கிய கருங்கல் தூண் தமிழ்க் கல்வெட்டோடு இன்னும் நிற்கிறது. வேராவுக்குப் பிறகு இந்தியாவிலிருந்து அடுத்த சிறுகோள் கிடைக்க நூறு ஆண்டுக்கு மேலானது. 1988-இல் ஜவ்வாது மலையின் காவலூரில் வானியலாளர் ராஜமோகன் கண்டுபிடித்தார். அதற்கு ராமானுஜன் என்று பெயர்.