கேள்வி – பதில்: கடல் கடந்து ஆடும் பாயிண்ட் கார்டுகள்

அமெரிக்காவில் கல்லூரி ஆட்டத்தை முடித்துவிட்டு ஐரோப்பா, ஆசியா என்று தொழில்முறைக் கூடைப்பந்து ஆடப் போகும் பாயிண்ட் கார்டுகளைப் பற்றி, அதாவது பந்தை முன்னே கொண்டுவந்து ஆட்டத்தை நடத்துகிறவர்களைப் பற்றி, வாசகர்கள் கேட்டவை இந்த முறை. ஒரே மாதிரிக் கேள்விகளைச் சேர்த்துவிட்டோம்.

என்.பி.ஏ.வில் (அமெரிக்காவின் முதன்மைத் தொழில்முறை லீக்) இடம் கிடைக்காதவர்கள்தானே வெளிநாட்டுக்குப் போகிறார்கள்? அது இரண்டாந்தர ஆட்டம்தானே?

முதல் பாதி சரி. என்.பி.ஏ.வில் 30 அணிகள். ஓர் அணிக்கு 15 முழு ஒப்பந்தம், 3 இருவழி ஒப்பந்தம் (என்.பி.ஏ.விலும் அதன் கீழ்நிலை லீகான ஜி லீகிலும் மாறி மாறி ஆடுவது). மொத்தம் 540 இடம். அதிலும் பெரும்பங்கு ஏற்கெனவே ஆடிக்கொண்டிருப்பவர்களிடம் இருக்கும். டிராஃப்டில் (என்.பி.ஏ. அணிகள் புது வீரர்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் நிகழ்வு) பெயர் வராத, ஆறடியை ஓரிரு அங்குலம் தாண்டிய ஒரு கார்டு அமெரிக்காவிலேயே ஆட நினைத்தால் ஜி லீக்தான். 2024–25இல் அங்கே சீசன் சம்பளம் 43,000 டாலர், அதுவும் வரிக்கு முன். இருவழி ஒப்பந்தம் கிடைத்தால் 5,78,577 டாலர். ஆனால் 50 ஆட்டங்களுக்கு மேல் என்.பி.ஏ. சீருடை போட முடியாது. ஐரோப்பாவின் பெரிய லீகுகளில் நடுத்தர கிளப்கூட ஜி லீகைவிட நல்ல தொகையை, வரி போகக் கையில் கொடுத்து, வீடும் காரும் தந்துவிடுகிறது. பிறகு ஏன் போக மாட்டார்கள்?

இரண்டாம் பாதிக்கு மைக் ஜேம்ஸ் ஒருவரே பதில். லமார் பல்கலைக்கழகத்து ஆட்டக்காரர். 2012இல் டிராஃப்டில் யாரும் எடுக்கவில்லை. சின்ன கிளப்களில் தொடங்கி, கிரீஸில் ரோட்ஸ் தீவு அணியான கொலோசோஸ், ஸ்பெயினில் பாஸ்கோனியா, ஏதென்ஸில் பனதினைக்கோஸ் என்று ஏறினார். நடுவில் ஃபீனிக்ஸ், புரூக்ளின் என்று என்.பி.ஏ.வையும் எட்டிப் பார்த்தார். மொனாக்கோ அணியில் ஆடியபோது ஐரோப்பாவின் முதன்மைக் கிளப் போட்டியான யூரோலீக் வரலாற்றிலேயே அதிகப் புள்ளி எடுத்தவரானார். 2023–24 சீசனின் மதிப்புமிக்க வீரரும் அவரே. ஆட்ட நாளன்று அவரைத் தடுத்தாட வேண்டியவரிடம் போய் ‘இரண்டாந்தரம்’ என்று சொல்லிப் பாருங்கள்.

உள்ளூரில் பாயிண்ட் கார்டுகளே இல்லையா? ஏன் அமெரிக்கரைக் கூப்பிடுகிறார்கள்?

பந்தை முன்னே கொண்டுவந்து, பயிற்சியாளர் சொன்ன ஆட்டத்தைத் தொடங்கிவைக்க உள்ளூரில் ஆள் உண்டு. அந்த ஆட்டம் உடைந்து, ஷாட் கிளாக்கில் (ஷாட் போட அணிக்குத் தரப்படும் நேரம்) 6 நொடி மிச்சமிருக்கும்போது ஒற்றை ஆளாகத் தடுப்பாளரைத் தாண்டி ஒரு ஷாட்டை உண்டாக்கத்தான் ஆள் குறைவு. கிளப் காசு கொடுப்பது அந்த 6 நொடிக்கு.

இதில் ஒரு கணக்கு இருக்கிறது. வெளிநாட்டவருக்கு எல்லா லீகிலும் ஏதாவது வரம்பு உண்டு. ஜெர்மனியில் 12 பேர் பட்டியலில் 6 பேர் உள்நாட்டவராக இருக்க வேண்டும். தென்கொரியாவில் ஓர் அணி இரண்டு வெளிநாட்டவரை வைத்துக்கொள்ளலாம். 2025–26 சீசனில் களத்தில் ஒரு நேரத்தில் ஒருவர்தான். ஒரே ஓர் இடம் என்றால் அதை உயரமான ஆளுக்குத்தான் கொடுப்பார்கள். அதனால் பாயிண்ட் கார்டுக்கு வெளிநாட்டவரை நிறையச் சேர்க்கும் ஐரோப்பிய லீகுகளே வசதி. வெளிநாட்டவர் என்பதற்கு இன்னொரு பக்கமும் உண்டு: மூன்று ஆட்டம் தொடர்ந்து தோற்றால் முதலில் மாற்றப்படுகிறவர் அவர்தான்.

கல்லூரியில் சராசரி 20 புள்ளி எடுத்தவர்கள் அங்கே போய் முதல் இரண்டு மாதம் திணறுவது ஏன்?

ஆட்டம் ஒன்றுபோலத் தெரியும், விதி வேறு. அமெரிக்கத் தொழில்முறை ஆட்டத்தோடு ஒப்பிட்டால், 48 நிமிடத்துக்குப் பதில் 40. ஆறு ஃபவுலில் வெளியேறுவதற்குப் பதில் ஐந்திலேயே வெளியேற்றம். முதல் கால் பகுதியிலேயே இரண்டு ஃபவுல் வாங்கினால் பெஞ்சுதான். மூன்று புள்ளிக் கோடு 7.24 மீட்டருக்குப் பதில் 6.75 மீட்டர். கோடு அருகே வந்ததால் ஷாட் சுலபம் என்று நினைப்பீர்கள். ஆனால் அந்தக் கோட்டில் நிற்பவரைக் காக்கும் ஆளும் அரை மீட்டர் உள்ளே தள்ளி நிற்பார். நீங்கள் கூடைக்குப் பாயும்போது குறுக்கே வர அவருக்கு ஓர் அடி போதும்.

எல்லாவற்றையும்விடப் பெரிய மாற்றம், தடுப்பாளருக்கு மூன்று நொடி விதி கிடையாது. என்.பி.ஏ.வில் தான் காக்கும் ஆள் பக்கத்தில் இல்லாமல் ஒரு தடுப்பாளர் கூடைக்கடியில் மூன்று நொடிக்கு மேல் நிற்கக் கூடாது. உலகக் கூடைப்பந்துக் கூட்டமைப்பான ஃபீபாவின் விதியில் நெட்டையான சென்டர் அங்கேயே குடியிருக்கலாம். தடுப்பாளரைத் தாண்டியதும் வெட்டவெளி என்று பழகிய கால், இரண்டாவது சுவரில் போய் மோதுகிறது. இதற்கு வழி, அந்தச் சுவருக்கு முன்பே, கூடையிலிருந்து மூன்று நான்கு மீட்டரில் நின்று ஒற்றைக் கையால் பந்தைத் தூக்கிவிடும் ஃப்ளோட்டர். அது கையில் இல்லாமல் விமானம் ஏறக் கூடாது.

அடுத்தது பிக் அண்ட் ரோல்: சக ஆட்டக்காரர் ஒருவர் தடுப்பாளரின் வழியை மறித்து நின்று (ஸ்கிரீன்), பிறகு கூடையை நோக்கித் திரும்புவது. ஐரோப்பியப் பயிற்சியாளர்களில் பலர் ஸ்கிரீன் போட்டதும் தங்கள் நெட்டையரை வெளியே தாவவிடுவார்கள். அவர் பந்துக்காரருக்குக் குறுக்கே இரண்டு மூன்று அடி பக்கவாட்டில் ஓடி வழியை அடைத்துவிட்டுத் தன் ஆளிடம் திரும்புவார். புதிதாக வந்தவர் செய்யும் தவறு இரண்டு வகை: அந்த நெட்டையருக்கும் தன்னைக் காப்பவருக்கும் நடுவே பந்தைத் தட்டி நுழையப் பார்த்துப் பறிகொடுப்பது, அல்லது டிரிபிளை (பந்தைத் தட்டிக்கொண்டே போவதை) நிறுத்தி, பந்தைத் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டு தவிப்பது. செய்ய வேண்டியது, டிரிபிளை விடாமல் பின்பக்கவாட்டில் இரண்டு தட்டு இழுத்து, நெட்டையரைக் கூடவே வெளியே கொண்டுபோவது. அவர் திரும்ப ஓடும் ஒரு நொடியில், ஸ்கிரீன் போட்டவர் ஃப்ரீ த்ரோ கோட்டருகே தனியாக இருப்பார். நேர்ப் பாஸுக்கு இடமில்லை என்றால் மேலே நிற்கும் மூன்றாவது ஆளுக்குக் கொடுங்கள்; அவர் கோணத்திலிருந்து உள்ளே போடுவார். அசிஸ்ட் (கூடைக்கு வழிசெய்த பாஸ்) அவர் கணக்கில் போகும். போகட்டும், பயிற்சியாளர் வீடியோவில் பார்க்கிறார்.

இன்னொரு சின்ன விஷயம், ஆட்டத்தையே மாற்றும். மாட்டிக்கொண்டால் கையைக் குறுக்கே வைத்து டைம் அவுட் கேட்கும் பழக்கம். ஃபீபா ஆட்டத்தில் ஆட்டக்காரர் டைம் அவுட் கேட்க முடியாது. பயிற்சியாளர்தான் மேசையில் கேட்க வேண்டும். அதுவும் பந்து நின்றபோதோ எதிரணி கூடை போட்டபோதோதான் கிடைக்கும். கை காட்டிக்கொண்டு நிற்பதற்குள் பந்து போய்விடும். வளையத்தைத் தொட்ட பந்தை யாரும் தட்டலாம் என்பதையும் நெட்டையர்கள் மட்டுமல்ல, அதைப் பிடிக்கக் காத்திருக்கும் கார்டும் தெரிந்துகொள்ள வேண்டும்.

முதல் ஒப்பந்தத்தில் எதைப் பார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும்?

தொகையைக் கடைசியாகப் பாருங்கள். முதலில் ‘வரி போக’ என்ற சொல் இருக்கிறதா? ஐரோப்பாவில் வழக்கம் அதுதான். அந்த நாட்டு வரியைக் கிளப் கட்டும். கட்டியதற்கான சான்றிதழைத் தருவோம் என்று ஒரு வாசகம் சேர்க்கச் சொல்லுங்கள். ஏன் என்று பின்னால் வரி பற்றிய பதிலில் தெரியும்.

பிறகு மருத்துவப் பரிசோதனை. வந்து இறங்கிய இரண்டு மூன்று நாளுக்குள் முடித்து, முடிவை எழுத்தில் சொல்ல வேண்டும், சொல்லாவிட்டால் தேறியதாகவே பொருள் என்று இருக்க வேண்டும். நாள் குறிக்காமல் விட்டால், இரண்டு பயிற்சி ஆட்டம் பார்த்துவிட்டு, பிடிக்கவில்லை என்றால் ‘முழங்காலில் சந்தேகம்’ என்று அனுப்பிவிடுவார்கள். ‘சோதனைக் காலம்’ என்ற சொல் எங்கேயாவது தென்பட்டால் அது உத்தரவாதமான ஒப்பந்தமே இல்லை.

சம்பளம் பெரும்பாலும் 10 தவணை. ஒவ்வொன்றுக்கும் தேதியும் தொகையும் வேண்டும். தவணை இத்தனை நாள் தாமதமானால் பயிற்சிக்கு வராமல் இருக்கலாம், இன்னும் இத்தனை நாள் போனால் மீதிச் சம்பளம் முழுவதையும் கேட்டுக்கொண்டு விலகலாம் என்று இரண்டு படியாக எழுதுவது நல்லது. அந்த வாசகம் இல்லாமல் பயிற்சிக்குப் போகாமலிருந்தால் ஒப்பந்தத்தை மீறியது நீங்கள் என்று ஆகிவிடும். காயம் பட்டாலும் சம்பளம் உண்டு என்பதைத் தனியாக எழுத வேண்டும்.

சில கிளப்கள் தொகையை இரண்டாகப் பிரிக்கும்: பாதி ஆட்ட ஒப்பந்தம், பாதி ‘பட உரிமை’ என்று வேறொரு நிறுவனத்தின் பெயரில். பணம் நிற்பது பெரும்பாலும் இந்த இரண்டாவதில்தான். கிளப்பும் பொறுப்பு என்று அதிலும் எழுதி, தகராறு வந்தால் எந்தத் தீர்ப்பாயம் என்ற வாசகத்தை (அடுத்த பதிலில் வருகிறது) இரண்டிலும் போடுங்கள். ஏஜென்டின் 10 சதவீதத்தைக் கிளப் தனியாகத் தருவது வழக்கம். உங்கள் தொகையிலிருந்து கழிக்கிறதா என்று பாருங்கள். வீடு தருகிறார்கள் என்றால் குளிர்காலச் சூடேற்றும் செலவு யாருடையது? கேட்கக் கூச்சப்பட வேண்டாம்.

கிளப் பணம் தராவிட்டால் அந்த நாட்டு நீதிமன்றத்துக்கா போவது?

வேண்டாம். ஃபீபா 2007இல் தொடங்கிய கூடைப்பந்து நடுவர் தீர்ப்பாயம் ஜெனீவாவில் இருக்கிறது. ஒப்பந்தத்தில் அதன் பெயர் இருந்தால் மட்டுமே அங்கே போகலாம். ஒரே நடுவர், ஆங்கிலத்தில், பெரும்பாலும் தாள்களை வைத்தே, நியாயம் எது என்ற அடிப்படையில் தீர்ப்பார். கிளப் பதிலே போடாவிட்டாலும் வழக்கு நடக்கும். கட்டணம் மட்டும் கையைக் கடிக்கும்: கிளப் தன் பங்கை முன்கூட்டிக் கட்டாவிட்டால் முழுதையும் வழக்குப் போட்டவரே கட்டிவிட்டு, ஜெயித்தபின் திரும்பப் பெற வேண்டும். தீர்ப்பை மதிக்காத கிளப் புது ஆட்டக்காரர்களைப் பதிவு செய்ய முடியாதபடி ஃபீபா தடை போடும். சீசன் தொடங்கப் போகும் நேரத்தில் அந்தத் தடை எந்த ஜப்தியையும்விட வேகமாகப் பணத்தை வரவழைக்கும். வழக்குக்கு முன், பாக்கி எவ்வளவு, எந்தத் தவணை என்று மின்னஞ்சலில் கேட்டு வையுங்கள். வாய்ப்பேச்சு செல்லாது.

வரியைக் கிளப் கட்டிவிட்டால் அமெரிக்காவில் கட்ட வேண்டியதில்லைதானே?

பலரும் மாட்டிக்கொள்வது இங்கேதான். அமெரிக்கக் குடிமகன் உலகில் எங்கே சம்பாதித்தாலும் அமெரிக்காவுக்குக் கணக்குக் காட்ட வேண்டும். வெளிநாட்டு ஊதிய விலக்கு ஒன்று உண்டு. 2025க்கு 1,30,000 டாலர் வரை. ஆனால் அதற்கான எளிய தேர்வு, தொடர்ந்த 12 மாதத்தில் 330 முழு நாள் அமெரிக்காவுக்கு வெளியே இருப்பது. ஆகஸ்டில் போய் மே மாதக் கடைசியில் திரும்பினால் 300ஐக்கூடத் தொடுவது கஷ்டம். கோடையை வீட்டில் கழிக்கிற ஆட்டக்காரருக்கு இது பெரும்பாலும் எட்டாது. மற்றொரு வழியான வெளிநாட்டு வசிப்பிடத் தேர்வுக்கு ஒரு முழுக் காலண்டர் ஆண்டாவது அங்கே குடியிருந்ததாகக் காட்ட வேண்டும்.

மிச்சமிருப்பது படிவம் 1116இல் வெளிநாட்டில் கட்டிய வரியைக் கழித்துக்கொள்வது. அதற்குத்தான் அந்தச் சான்றிதழ். கிளப் உங்களுக்காகக் கட்டிய வரியும் உங்கள் வருமானமாகவே சேரும் என்பதையும் மறக்க வேண்டாம். வருமான வரியே இல்லாத நாட்டில் ஆடினால் கழிக்கவும் ஒன்றும் இருக்காது. அமெரிக்க வரி முழுதாக வரும். வெளிநாட்டு வங்கிக் கணக்குகளின் கூட்டுத்தொகை ஆண்டில் ஒரு நாளாவது 10,000 டாலரைத் தாண்டினால் அமெரிக்க நிதித் துறைக்கு ஃபின்சென் படிவம் 114 தனியாகத் தர வேண்டும். சம்பளம் விழுகிற கணக்கு ஒரே மாதத்தில் தாண்டிவிடும்.

அமெரிக்கர்கள் வேறு நாட்டுத் தேசிய அணியில் ஆடுகிறார்களே, எப்படி?

16 வயதுக்குப் பிறகு குடியுரிமை பெற்றவர்களில் ஒருவரை மட்டும் ஒரு தேசிய அணி சேர்த்துக்கொள்ளலாம் என்பது ஃபீபா விதி. அந்த ஓர் இடத்துக்குப் பல நாடுகள் பாயிண்ட் கார்டையே தேர்ந்தெடுக்கின்றன. ரஷ்யக் கடவுச்சீட்டு வாங்கிய ஜே.ஆர். ஹோல்டன் ஐரோப்பியத் தேசிய அணிகளின் போட்டியான யூரோபாஸ்கெட்டின் 2007 இறுதியில் கடைசி நொடிகளில் போட்ட கூடைதான் ஸ்பெயினை அதன் சொந்த மண்ணில் 60–59 என்று சாய்த்தது. 2011இல் அதே போட்டியில் போ மக்கேலப் மாசிடோனியாவை நான்காம் இடத்துக்குக் கொண்டுபோனார். ஷேன் லார்கினுக்கு 2020இல் துருக்கியக் குடியுரிமை கிடைத்தது. லீகில் அவர் உள்நாட்டவராகிவிட்டதால் இஸ்தான்புல்லின் எஃபெஸ் அணிக்கு இன்னொரு வெளிநாட்டவரைச் சேர்க்க இடம் கிடைத்தது. 2021, 2022 இரண்டு யூரோலீக் பட்டமும் அந்த அணிக்கே.

சீனாவில் மார்பரிக்குச் சிலை வைத்தது உண்மையா?

உண்மை. பாயிண்ட் கார்டான ஸ்டெஃபான் மார்பரி பெய்ஜிங் அணிக்கு 2012இல் முதல் பட்டம் வாங்கித் தந்தார். பிறகு 2014, 2015. என்.பி.ஏ.வில் இரண்டு முறை ஆல் ஸ்டார் ஆனவருக்குப் பட்டம் கிடைத்தது அங்கேதான்.

வெளிநாடு போனவர் என்.பி.ஏ.வுக்குத் திரும்ப வழி உண்டா?

உண்டு, ஒப்பந்தத்தில் கதவு வைத்திருந்தால். கோடையில் குறிப்பிட்ட தேதிக்குள், குறிப்பிட்ட தொகை கட்டி விலகலாம் என்று எழுதுவார்கள். தேதி ஜூலை முதல் வாரத்திலேயே முடிந்தால் அந்தக் கதவால் பயனில்லை, என்.பி.ஏ. அணிகள் பெஞ்சின் கடைசி இடங்களை நிரப்புவது அதற்குப் பிறகுதான். 2011இல் என்.பி.ஏ. உரிமையாளர்கள் கதவடைப்புச் செய்த காலத்தில் சீன லீக் விலகும் உரிமையே தரவில்லை. போனவர்கள் அங்கே சீசன் முடியும்வரை காத்திருந்தார்கள்.

பாட்ரிக் பெவர்லி உக்ரைன், கிரீஸ், ரஷ்யா என்று ஆடி, 2012இல் யூரோலீகுக்கு அடுத்த நிலைப் போட்டியான யூரோகப்பின் மதிப்புமிக்க வீரராகி, 2013 ஜனவரியில் ஹூஸ்டனில் சேர்ந்தார். அவரை அழைத்துப்போனது புள்ளிக்கணக்கல்ல, எதிரணிக் கார்டை மைதானம் முழுக்க விரட்டும் தடுப்பாட்டம். என்.பி.ஏ.வில் ஷாட் போட ஏற்கெனவே நட்சத்திரம் இருக்கிறார். மாற்று ஆளாக வருகிற கார்டிடம் எதிர்பார்ப்பது தடுப்பும், குறைந்த டர்ன்ஓவரும் (பந்தைப் பறிகொடுப்பது), மூலையில் நின்று போடும் மூன்று புள்ளியும்தான். வெளிநாட்டில் 18 புள்ளி சராசரி எடுத்த பலர் திரும்ப முடியாமல் போவதற்கு இதுவே காரணம்.

கல்லூரிக்குப் பதில் நேராக வெளிநாடு போவது நல்லதா?

பிராண்டன் ஜென்னிங்ஸ் 2008இல் ரோமுக்குப் போனார், அடுத்த ஆண்டு டிராஃப்டில் 10ஆவதாக எடுக்கப்பட்டார். லமெலோ பால் ஆஸ்திரேலியாவில் இலவாரா அணிக்கு ஆடி, 2020இல் 3ஆவது. அப்போது கல்லூரியில் சம்பளம் கிடையாது. 2025–26 முதல் ஒரு பல்கலைக்கழகம் தன் விளையாட்டு வீரர்களுக்கு மொத்தமாகச் சுமார் 2.05 கோடி டாலர் வரை நேரடியாகத் தரலாம் என்றாகிவிட்டது. இன்றைக்கு நல்ல கார்டுக்கு 18 வயதில் கல்லூரியே லாபம். ஐரோப்பிய இளைஞர்களே அமெரிக்கக் கல்லூரிகளுக்கு வரிசைகட்டுகிறார்கள். 23 வயதில் டிராஃப்டில் பெயர் வராதபோது விமான டிக்கெட்டைப் பற்றி யோசித்துக்கொள்ளலாம்.