முதல் அப்பெரோவுக்கு ஸ்பெக்கும் சீஸும் வைத்த சிறு சுருள்கள்

அன்புள்ள தங்கச்சி,

சுவிட்சர்லாந்தின் பேர்ண் மாநிலத்தில் முதியோர் இல்லம் ஒன்றில் பராமரிப்பு உதவியாளராகச் சேர்ந்த உங்களுக்கு மூன்று மாதத் தகுதிகாண் காலம் முடிந்துவிட்டது என்றும், அதையொட்டி உடன் வேலை செய்பவர்களுக்கு ஒரு சிறிய அப்பெரோ (குடிபானமும் சிற்றுண்டியுமான விருந்து) கொடுக்க விரும்புகிறீர்கள் என்றும் எழுதியிருந்தீர்கள். அவர்கள் விரும்பிச் சாப்பிடும், சீஸும் ஸ்பெக் எனப்படும் புகையூட்டிய பன்றியிறைச்சியும் வைத்த ஒருவாய்ப் பேஸ்ட்ரியை வீட்டில் செய்யலாமா, அந்த இறைச்சியை ஒருநாளும் சமைத்திராத உங்களுக்கு அது கைகூடுமா என்பது உங்கள் கேள்வி. நிச்சயமாகக் கைகூடும். ஊரில் பற்றீஸும் ரோல்ஸும் செய்து பழகிய கைக்கு இது கடினமான வேலையே அல்ல. 1983இற்குப் பின்னர் இங்கு வந்த நம்மவர்களில் பெருந்தொகையானோர் உணவகச் சமையலறைகளில்தான் முதலில் வேலைக்கு நின்றார்கள். நானும் அப்படியொரு சமையலறையில்தான் இதைக் கற்றுக்கொண்டேன்.

அப்பெரோவில் யாரும் உட்கார்ந்து சாப்பிடுவதில்லை. ஒரு கையில் வைன் அல்லது தோடம்பழச் சாறு இருக்க, மற்றக் கையால் எடுத்து ஓரிரு கடியில் முடிக்கக்கூடியதாகப் பண்டம் இருக்கவேண்டும். கடித்தவுடன் உள்ளீடு ஒழுகினாலோ, விரல்களில் கொழுப்பு வழிந்தாலோ நின்றபடி கதைத்துக்கொண்டிருப்பவருக்குச் சங்கடம். இந்த நாட்டு அப்பெரோ மேசைகளில் வழமையாகக் காணப்படும் ஷிங்கன்கிப்ஃபெலி எனும் ஹாம் வைத்த பிறைவடிவப் பண்டத்தைச் செய்ய உங்களுக்கு ஆசை வரலாம். ஆனால் முக்கோணமாக வெட்டி, உள்ளீடு வெளியே வராமல் சுற்றி மூடுவதற்கு நல்ல பழக்கம் தேவை. முதல் தடவைக்குச் சுருள்களே ஏற்றவை என்பது என் உறுதியான கருத்து. மூடவேண்டிய விளிம்பு ஏதும் இல்லை. எல்லாத் துண்டுகளும் ஒரே அளவில் வரும். முதல்நாளே சுருட்டி வைத்துவிடவும் முடியும்.

மாவை நீங்கள் குழைக்க வேண்டியதில்லை. மிக்ரோ, கோப் ஆகிய பல்பொருள் அங்காடிகளில் பிளெட்டர்டைக் (படைபடையாகப் பிரிந்து எழும்பும் மா) என்ற பெயரில், ஏறத்தாழ 42 சென்ரிமீற்றர் நீளமும் 25 சென்ரிமீற்றர் அகலமுமாகத் தட்டையாக்கி, பேக்கிங் தாளோடு சுருட்டிய 320 கிராம் பொதி கிடைக்கும். தாவரக் கொழுப்பில் செய்ததும் வெண்ணெயில் செய்ததும் அருகருகே இருக்கும். விலை சற்றுக் கூடினாலும், புட்டர் என்று எழுதியிருப்பதையே எடுங்கள், ஏனென்றால் இவ்வளவு சிறிய பண்டத்தில் மாவின் சுவைதான் முதலில் நாக்கில் படும். ஞாயிற்றுக்கிழமைகளில் கடைகள் பூட்டியிருக்கும், சனிக்கிழமைகளிலும் வேளையோடு மூடிவிடுவார்கள் என்பதால், திங்கட்கிழமை அப்பெரோ என்றால் வெள்ளியன்றே எல்லாவற்றையும் வாங்கி வைத்துவிடுங்கள்.

ரோல்ஸ் செய்த அனுபவம் ஓரிடத்தில் மட்டும் உங்களுக்கு உதவாது. இந்த மா குளிராகவே இருக்கவேண்டும். மெல்லிய மாப்படைகளுக்கு இடையில் மெல்லிய வெண்ணெய்ப் படைகள் இருக்கின்றன. சூடான போறணைக்குள் போனதும் மாவிலும் வெண்ணெயிலும் உள்ள ஈரப்பதம் நீராவியாகி, படைகளை ஒன்றிலிருந்து ஒன்று தூக்கிப் பிரிக்கிறது. கைச்சூட்டிலோ சமையலறை வெப்பத்திலோ வெண்ணெய் முன்னரே உருகி மாவுக்குள் ஊறிவிட்டால், பிரிவதற்குப் படைகளே இருக்காது. ஆகையால் உள்ளீடு முழுவதும் தயாராகி, நன்றாக ஆறிய பிறகே மாவைக் குளிர்சாதனப் பெட்டியிலிருந்து எடுங்கள்.

இனி இறைச்சி. ஸ்பெக்வூர்ஃபெலி என்று சிறு கட்டிகளாக வெட்டிய பொதியை வாங்கினால் வெட்டும் சிரமம் குறையும். ஒரு தாள் மாவுக்கு 120 கிராம் போதும். எண்ணெய் விடாமல், சூடாக்காத தட்டைத் தாச்சியில் அதைப் பரப்பிய பின்னரே அடுப்பை மெல்லிய சூட்டில் பற்றவையுங்கள். அப்போது கொழுப்பு மெல்ல மெல்ல உருகி வெளியேறும், இறைச்சி அந்தக் கொழுப்பிலேயே பொரியும். முதலிலேயே தாச்சியைக் காய வைத்தால் வெளிப்புறம் கருகிவிடும், கொழுப்போ உள்ளேயே தங்கி, பின்னர் மாவின் அடியை ஊறவைத்துவிடும். ஓரங்கள் பொன்னிறமானதும் சமையலறைத் தாளில் கொட்டி வடியவிட்டு, கட்டிகளை இன்னும் பொடியாக அரிந்துகொள்ளுங்கள். பெரிய கட்டியாக விட்டால் சுருளை வெட்டும்போது கத்தியில் சிக்கி மாவைக் கிழிக்கும். பொரியும்போது மணம் வீடு முழுவதும் பரவும், ஆகவே யன்னலை அகலத் திறந்துவையுங்கள். அதே தாச்சியில், மீந்த கொழுப்பில் ஒரு தேக்கரண்டியளவை மட்டும் விட்டு, பொடியாக அரிந்த சிறிய வெங்காயம் ஒன்றை வதக்கிச் சேர்த்தால் உப்புக்கு ஈடாக மெல்லிய இனிப்பு வரும்.

சீஸ் விடயத்தில் குறுயேர் எனும் சுவிஸ் கடினச் சீஸையே பரிந்துரைக்கிறேன். பச்சைப் பசும்பாலில் செய்து, குறைந்தது ஐந்து மாதங்கள் முதிரவைத்த பின்னரே அந்தப் பெயரில் விற்கிறார்கள். 2001ஆம் ஆண்டிலிருந்து அதன் பிறப்பிடப் பெயருக்குச் சட்டப் பாதுகாப்பும் இருக்கிறது. இளையது நன்றாக உருகும். பத்து மாதங்களுக்கு மேல் முதிர்ந்தது சுவையில் அழுத்தமானது, ஆனால் சூட்டில் எண்ணெய் பிரியும். நூறு கிராமில் இரண்டு பங்கு இளையதும் ஒரு பங்கு முதிர்ந்ததுமாகத் துருவிக் கலந்தால் இரண்டின் நன்மையும் கிடைக்கும். அத்துடன் இரண்டு மேசைக்கரண்டி கிரேம் ஃபிரேஷ் (சற்றுப் புளிப்பான கட்டிக் கிரீம்), மிளகுதூள், சிறிது சாதிக்காய்த்தூள் ஆகியவற்றைச் சேருங்கள். உப்புப் போடவேண்டாம். நீங்கள் இறைச்சி சாப்பிடுவதில்லை என்றால், ஸ்பெக்கைச் சேர்ப்பதற்கு முன்னரே இந்தக் கலவையைச் சுவைத்துப் பாருங்கள். அந்த நிலையில் உப்புச் சற்றுக் குறைவாகத் தோன்றினால் அதுவே சரியான அளவு.

மாவை விரித்து நீளவாக்கில் நடுவே வெட்டினால், பன்னிரண்டரை சென்ரிமீற்றர் அகலமான இரண்டு பட்டைகள் கிடைக்கும். அப்படி வெட்டாமல் முழுத் தாளையும் சுருட்டினால் துண்டுகள் ஒருவாய் அளவைத் தாண்டிவிடும். பட்டையின் நீண்ட விளிம்புகளில் ஒன்றில் ஒரு சென்ரிமீற்றர் இடம்விட்டு, உள்ளீட்டை மெல்லியதாகப் பரப்பி, விட்ட விளிம்பில் தண்ணீர் தடவி, எதிர்ப்புறத்திலிருந்து இறுக்கமாகச் சுருட்டுங்கள். சுருட்டிய இரண்டையும் அரை மணி நேரம் உறைகுளிர்ப் பெட்டியில் வைத்தால் கட்டியாகும். பிறகு கூரான கத்தியால், ஒன்றரை சென்ரிமீற்றர் தடிப்பில் வெட்டுங்கள். ஒரு பொதியில் ஐம்பதுக்கு மேற்பட்ட துண்டுகள் வரும். ஒரு முட்டை மஞ்சட்கருவில் ஒரு கரண்டி பால் கலந்து, சுருளின் வெளிப்பக்க மாவில் மட்டும் தூரிகையால் பூசுங்கள். வெட்டுமுகத்தில் முட்டை பட்டால் படைகள் ஒட்டிக்கொண்டு, அந்த இடத்தில் மா எழும்பாது. ஆரம்பத்திலேயே போறணையை 200 பாகைக்கு முழுதாகச் சூடாக்கி, நடுத்தட்டில் பதினைந்து முதல் பதினெட்டு நிமிடங்கள் வேகவிடுங்கள். விசிறி ஓடும் முறையில் என்றால் 180 பாகை போதும். ஒரு துண்டைத் தூக்கி அடிப்பக்கத்தைப் பாருங்கள். மேலே பொன்னிறமாகவும் அடியில் வெளிறியும் இருந்தால் இன்னும் இரண்டு மூன்று நிமிடங்கள் தேவை. ஓரம் உயர்ந்த தட்டில், தாளை விளிம்புவரை ஏற்றி வையுங்கள். வாடகை வீட்டை ஒப்படைக்கும் நாளில் இங்கு போறணையின் உட்புறத்தை உற்றுப் பார்ப்பார்கள், உருகி ஒழுகிக் கருகிய சீஸைச் சுரண்டி எடுப்பது பெரும்பாடு.

மிளகாய்த்தூளோ கறித்தூளோ சேர்க்கலாமா என்றும் கேட்டிருந்தீர்கள். இந்தத் தட்டில் சேர்க்கவேண்டாம் என்றே சொல்வேன். புகையூட்டிய இறைச்சியும் முதிர்ந்த சீஸும் தம்மளவில் நிறைவான சுவையுடையவை, உறைப்பு இரண்டையும் மறைத்துவிடும். வாசனை வேண்டுமென்றால், பார்வைக்கு நற்சீரகம் போலவே இருக்கும் கியூமெல் விதையை மேலே தூவுங்கள். உங்கள் கைப்பக்குவத்தைக் காட்ட விரும்பினால் பக்கத்தில் ஒரு தட்டு மரக்கறிப் பற்றீஸ் வையுங்கள், அதுதான் முதலில் முடியும்.

இதைவிட முக்கியமானது இன்னொரு தட்டு. முதியோர் இல்லங்களில் பல நாட்டவர் வேலை செய்கிறார்கள். பன்றியிறைச்சி சாப்பிடாத முஸ்லிம் சகோதரிகள், நம்மவரில் சைவ உணவுக்காரர், இறைச்சியைக் கைவிட்ட சுவிஸ்காரர் எனப் பலர் அவர்களில் இருப்பார்கள். அவர்கள் பழத்தட்டோடு நின்றுவிடக் கூடாது. இன்னொரு பொதி மாவில், வெண்ணெயில் வதக்கிய லீக்ஸும் சீஸும் வைத்து அதே அளவு சுருள்கள் செய்யுங்கள். அதை முதலில் செய்து வேகவைத்து எடுத்த பின்னரே ஸ்பெக்கைத் தொடுங்கள், பலகையும் கத்தியும் வேறாக இருக்கட்டும், மேசையில் பெயரெழுதிய சிறு அட்டை வையுங்கள். குறுயேரைக் கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும் உறைபொருள் கொண்டே செய்கிறார்கள் என்பதால், கண்டிப்பான சைவக்காரருக்கு அது ஆகாது. நுண்ணுயிர் உறைபொருளில் செய்ததென்று குறிப்பிட்ட சீஸைத் தேடி வாங்குங்கள். உங்கள் வீட்டில் மாமியோ கணவரோ பன்றியிறைச்சியை உள்ளே எடுக்க விரும்பாவிட்டால், அதற்காக ஒரு சண்டை வேண்டாம். லீக்ஸ் சுருள்களை மட்டும் கொண்டுபோனாலும் அது முழுமையான அப்பெரோதான்.

வெட்டிய துண்டுகளை வேகவைக்காமல் உறையவைத்து ஒரு மாதம் வரை வைத்திருக்கலாம். உறைந்தபடியே போறணைக்குள் வைத்து, மூன்று நான்கு நிமிடங்கள் கூடுதலாக விடுங்கள். காலையில் வேகவைத்து எடுத்துப்போவதென்றால், கம்பித் தட்டில் முழுதாக ஆறிய பின்னர் கடதாசிப் பெட்டியில் அடுக்குங்கள். சூட்டோடு பிளாஸ்டிக் பெட்டியில் மூடினால் ஆவியில் நனைந்து தொய்ந்துவிடும். பரிமாறும் முன் 160 பாகையில் ஐந்தாறு நிமிடங்கள் சூடாக்கினால் மொறுமொறுப்புத் திரும்பும். மைக்ரோவேவில் அது நடக்காது. இல்லத்துச் சமையலறைப் போறணையைப் பாவிப்பதானால், சுகாதார விதிகள் இருப்பதால் சமையல் பொறுப்பாளரிடம் முதல்நாளே அனுமதி கேளுங்கள். தட்டு ஊழியர் அறையிலேயே இருக்கட்டும். விழுங்குவதில் சிரமமுள்ள முதியவர்களுக்கு உதிரும் பேஸ்ட்ரியும் இறைச்சித் துண்டும் புரையேறும் ஆபத்துள்ளவை என்பதால், அவர்களில் யாராவது ஆசையாகக் கேட்டால் தாதியரிடம் கேட்காமல் ஒரு துண்டுகூடக் கொடுக்காதீர்கள்.