மருமகள் உடம்பில் யின் கூடிவிட்டதாம்!

கேள்வி: நாங்கள் சிங்கப்பூரில் இருக்கிறோம். என் மகன் விரும்பி மணந்தது ஒரு சீனப் பெண்ணை. கான்டனீஸ் குடும்பம். பேரன் பிறந்து இரண்டு வாரம் ஆகிறது. மருமகளுக்கு முருங்கைக்கீரைப் பொரியல் செய்து கொண்டுபோனேன். சம்பந்தி அம்மா அதை ஒதுக்கி வைத்துவிட்டு, "கீரை இப்போது ஆகாது, இவள் உடம்பில் யின் கூடிவிட்டது, யாங் ஏற வேண்டும்" என்றார். என் உறவினர் ஒருவரிடம் கேட்டேன். "யின் என்றால் இருட்டு, பெண், கெட்டது. யாங் என்றால் வெளிச்சம், ஆண், நல்லது" என்கிறார். பெற்ற மகளையே கெட்டது என்பார்களா? அந்த வீட்டுக்குப் போகவே மனம் வரவில்லை.
— ஒரு வாசகி, சிங்கப்பூர்

பதில்:

அன்புள்ள சகோதரி,

பேரனுக்கு என் ஆசிகள். முதலில் மனதைத் தேற்றிக்கொள்ளுங்கள். உங்கள் சம்பந்தி யாரையும் கெட்டது என்று சொல்லவில்லை. பிள்ளை பெற்ற உடம்பு குளிர்ந்து கிடக்கிறது, அதற்குச் சூடு ஏற்ற வேண்டும் என்றுதான் சொல்லியிருக்கிறார். உங்கள் உறவினர் சொன்னதில் இருட்டு, வெளிச்சம், பெண், ஆண் எல்லாம் சரி. நல்லது கெட்டது என்பதுதான் அதில் ஒட்டாத சங்கதி.

ஒரு மலையை நினைத்துக்கொள்ளுங்கள். சீனாவில் மலையின் தெற்குச் சரிவில் வெயில் விழும், வடக்குச் சரிவில் நிழல் தங்கும். வெயில் பக்கம் யாங், நிழல் பக்கம் யின். தொடக்கத்தில் அவ்வளவுதான். சீனர்களின் மிகப் பழைய பாடல் தொகுப்பில், தன் மக்களைக் குடியேற்ற இடம் தேடும் ஒரு தலைவன் குன்றின் மேல் ஏறி எங்கே யின், எங்கே யாங் என்று பார்ப்பதாக வருகிறது. விவசாயிக்குத் தேவையான விவரம் அது. ஊர்ப் பெயர்களிலும் இன்றுவரை நிற்கிறது. லுவோ ஆற்றின் வடகரையில், வெயில் படும் பக்கம் எழுந்த பழைய தலைநகர் லுவோயாங். யாங்சி ஆற்றின் தென்கரையில் இருப்பது ஜியாங்யின்.

அப்புறம் இதையே காலத்துக்கும் உடம்புக்கும் விரித்தார்கள். சீன வைத்தியத்தின் மூலநூலான மஞ்சள் பேரரசரின் மருத்துவ நூல் ஒரு நாளை நான்காகப் பிரிக்கிறது. விடிந்ததிலிருந்து நண்பகல் வரை யாங்குக்குள் யாங். நண்பகலிலிருந்து பொழுது சாயும் வரை யாங்குக்குள் யின். இருட்டியதிலிருந்து கோழி கூவும் வரை யின்னுக்குள் யின். கோழி கூவியதிலிருந்து விடியும் வரை யின்னுக்குள் யாங். இதில் எந்த வேளை கெட்ட வேளை? எதுவும் இல்லை. வெளிச்சமாக இருக்கும்போதே பிற்பகலில் யின் உள்ளே நுழைந்துவிடுகிறது, இருட்டாக இருக்கும்போதே யாங் கிளம்பிவிடுகிறது.

எனக்கு இதில் மிகவும் பிடித்தது டிசம்பர் 21 அல்லது 22-ல் வரும் டோங்ச்சி நாள். உங்கள் சம்பந்தி வீட்டில் அன்றைக்குப் பசையரிசி மாவு உருண்டைகள் செய்வார்கள். வருடத்திலேயே நீண்ட இரவு அது. யின் உச்சம். ஆனால் சீனர்கள் அந்த நாளை யாங் பிறக்கும் நாள் என்று கொண்டாடுகிறார்கள். பழைய ஆரூட நூலான யீ ஜிங்கில் இதற்கென்றே ஒரு குறி இருக்கிறது. மேலே ஐந்து உடைந்த கோடுகள், அதாவது யின். அடியில் ஒரே ஒரு முழுக்கோடு, அது யாங். திரும்பி வருதல் என்பது அந்தக் குறியின் பெயர். உச்சிக்குப் போனது இறங்கும், இறங்கியது ஏறும் என்ற இந்த ஓட்டத்தை விட்டுவிட்டு யின்னையும் யாங்கையும் தனித்தனியாக எடைபோட்டால், உங்கள் உறவினர் சொன்ன இடத்தில்தான் போய் நிற்போம்.

ஆனால் அவரையும் முழுக்கக் குறை சொல்ல முடியாது. ஹான் அரசர்கள் காலத்தில், கி.மு. இரண்டாம் நூற்றாண்டில், டோங் ஜோங்ஷூ என்ற அறிஞர் யாங் உயர்ந்தது, யின் தாழ்ந்தது என்று எழுதினார். அரசன், தந்தை, கணவன் மூவரும் யாங். குடிமகன், மகன், மனைவி மூவரும் யின். அரசுக்கு வசதியான கொள்கை, அதனால் நிலைத்தும் விட்டது. சீனப் பெண்கள் இதன் பேரால் நூற்றாண்டுகளாகப் பட்ட கஷ்டம் உண்மையானது, அதை நான் பூசி மெழுக மாட்டேன். ஆனால் அதற்கு முந்தைய தாவோ தே ஜிங் என்ற தத்துவ நூல், ஆண்மையை அறிந்து பெண்மையைக் காத்துக்கொள் என்கிறது. தாழ்ந்த இடத்தை நாடிப் போகும் தண்ணீரைத்தான் அது மெச்சுகிறது. மேல் கீழ் என்ற பேச்சு யின் யாங்கோடு கூடப் பிறந்தது இல்லை, ஆட்சி செய்தவர்களின் தேவைக்காக ஏற்றியது என்பது என் கருத்து.

சரி, சமையலறைக்கு வருவோம், உங்கள் பிரச்சினை அங்கேதான் இருக்கிறது. சீனர்களுக்கு நண்டு கடும் குளிர்ச்சி. ஷாங்காய் பக்கம் இலையுதிர்காலத்தில் ஏரி நண்டை ஆவியில் வேகவைத்துச் சாப்பிடும்போது, பொடியாக நறுக்கிய இஞ்சி மிதக்கும் வினிகர் கிண்ணம் பக்கத்தில் கட்டாயம் இருக்கும். அரிசி மதுவைச் சூடாக்கிக் குடிப்பார்கள். நண்டின் யின்னை இஞ்சியின் யாங் சமன் செய்ய வேண்டும். தென்சீனாவின் குவாங்சோ நகரில் லிச்சிப் பழம் அதிகம் தின்று தொண்டை கட்டினால் சூடு ஏறிவிட்டது என்று கசப்பு மூலிகைத் தேநீர்க் கடைக்குப் போவார்கள். அந்தத் தேநீருக்குப் பேர்போன வோங் லோ காட் கடை தொடங்கியது 1828-ல். சிங்கப்பூரில் நீங்களே பார்த்திருப்பீர்கள், டுரியான் சூடு, மங்குஸ்தான் குளிர்ச்சி என்று இரண்டையும் சேர்த்து வாங்குவார்கள்.

பிரசவத்தில் ரத்தம் போகிறது, அதோடு சூடும் போய்விடுகிறது என்பது அவர்கள் கணக்கு. அதனால்தான் ஒரு மாதம் வெளியே போகாமல், காற்றுப் படாமல், இஞ்சியும் எள்ளெண்ணெயும் சிவப்புச் சீன இலந்தைப்பழமுமாகச் சாப்பிட வைப்பார்கள். கான்டனீஸ் வீடுகளில் முற்றிய இஞ்சி, கருப்பு இனிப்பு வினிகர், பன்றிக்கால், அவித்த முட்டை எல்லாம் போட்டு மண்சட்டியில் காய்ச்சுவார்கள். நம் வீட்டுப் பிரசவ லேகியமும் சுக்கும் பூண்டும் இதே கவலையில் வந்தவைதானே? உங்கள் அம்மா உங்களைக் குளிர்ந்த தண்ணீர் குடிக்க விட்டிருக்க மாட்டார். சீனர்கள் கீரைகள் பலவற்றைக் குளிர்ச்சி என்கிறார்கள், நாம் முருங்கைக்கீரை பால் சுரக்க நல்லது என்கிறோம். வித்தியாசம் அந்த ஒரு தட்டில்தான். மாதம் முடிந்து மருமகள் பொரித்த கோழியாகச் சாப்பிட்டு முகத்தில் பரு வந்தால், இதே சம்பந்தி சாமந்திப்பூத் தேநீரை ஊற்றிக் கொடுப்பார். அப்போது மருமகளுக்குக் கூடியது யாங்.

ஒன்றில் மட்டும் நீங்கள் உறுதியாக இருங்கள். காய்ச்சல் வந்தாலோ, ரத்தப்போக்கு கூடினாலோ, யின் யாங் பேச்சுக்கே இடமில்லை, உடனே மருத்துவமனை. புழுக்கத்தில் ஜன்னலைச் சாத்தி, போர்வை போர்த்தி வைக்கவும் விடாதீர்கள். வெயில் காலத்தில் இப்படி இருந்து வெப்பத்தாக்கத்தில் விழுந்த தாய்மார்களைப் பற்றிச் சீனாவிலேயே செய்திகள் வந்திருக்கின்றன. சமையலில் அரிசி மது சேர்த்தால், பால் கொடுக்கும் தாய்க்கு அது ஆகுமா என்று மருத்துவரிடம் மருமகளையே கேட்கச் சொல்லுங்கள். நீங்கள் கேட்டால் அது சண்டையாகிவிடும்.

அடுத்த முறை பூண்டுக் குழம்பு வைத்து, மிளகு கொஞ்சம் தூக்கலாகப் போட்டுக் கொண்டுபோங்கள். பூண்டும் மிளகும் சூடு என்று சம்பந்திக்குத் தெரியும், தட்டமாட்டார். இன்னும் இரண்டு வாரத்தில் பேரனுக்கு மாதம் நிறைகிறது. சிவப்புச் சாயம் ஏற்றிய முட்டைகளைச் சொந்தக்காரர்களுக்குக் கொடுக்கும் விசேஷம் அது. அதற்கு முன்னால் ஒரு நாள் போய், இஞ்சி வினிகர் காய்ச்சுவது எப்படி என்று சம்பந்தி அம்மாவிடமே கேளுங்கள். பன்றிக்கால் உங்களுக்கு ஆகாது என்றால் முதலிலேயே சொல்லிவிடுங்கள். அது இல்லாமல் முட்டையும் இஞ்சியும் மட்டும் போட்டும் செய்யலாம்.