செட்டிநாட்டு ஊருணிகளுக்கு வரத்துக்கால் எதற்கு?

மேட்டு நிலத்தில் பெய்யும் மழைநீரை ஊருணிக்கு, அதாவது ஊர்ப் பொதுக் குளத்துக்கு, கொண்டுவரும் மண் வாய்க்கால்தான் வரத்துக்கால். செட்டிநாட்டில் ஆண்டு முழுக்க ஓடும் ஆறு கிடையாது. ஐப்பசி, கார்த்திகை மழையைப் பிடித்து வைத்தால்தான் கோடைக்குத் தண்ணீர். வீட்டு ஓட்டுக்கூரை நான்கு பக்கமும் முற்றத்தை நோக்கிச் சரிகிறதே, அதே ஏற்பாடுதான் இதுவும். வரத்துக்காலின் சாய்வு கூடினால் கரை அரிக்கும். குறைந்தால் வண்டல் படிந்து கால் மேடாகிவிடும். ஆகவே புரட்டாசிக்குள் புதர் வெட்டி, தூர் வாரியாக வேண்டும்.

இப்போது வரத்துக்காலை அதிகம் கெடுப்பது, தண்ணீர் கடக்கச் சாலைக்கு அடியில் பதிக்கும் குழாய். வாய்க்காலின் அடிமட்டத்துக்கு மேலே குழாயைப் பதித்தால், அந்த உயரம்வரை தண்ணீர் பின்னாலேயே தேங்கும். எவ்வளவு அகலமான குழாய் போட்டாலும் இதே கதிதான்.

ஊருணியை ஆழமாகத் தோண்டினால் தண்ணீர் கூடும் என்று பலர் நினைக்கிறார்கள். ஆனால் நீரைத் தாங்கி நிற்கும் அடிக் களிமண் படிவத்தை வெட்டிவிட்டால், வந்த நீரும் மண்ணுக்குள் இறங்கிவிடும்.